உப்புப் பானையில் ஒரு பாம்பு

ரங்கம்மாளைப் பற்றி எழுத உட்கார்ந்தால் எனக்கு முதலில் என் மேலேயே கோபம் வருகிறது. பிறகு செல்லமுத்து மேஸ்திரி மேல், கரும்புக்காரர் சின்னராசு மேல், இலை கொடுத்த ராமசாமி மேல் என்று அது வரிசையாகப் போகும். பாம்பு மேல் மட்டும் வருவதே இல்லை. அது எலி தேடி வந்தது. அது வரும் வழியில் நாங்கள் படுத்திருந்தோம்.

என் பெயர் தனசேகரன். சங்கராபுரத்துக்கு மேற்கே, கல்வராயன் மலையடிவாரத்து ஊர்களிலிருந்து ஆலைக்குக் கரும்பு ஏற்றிப் போகும் டிராக்டரை இருபத்திரண்டு வருடம் ஓட்டியவன். ரங்கம்மாள் கரும்பு வெட்டும் கும்பலில் கட்டுக் கட்டுகிறவள். அவள் புருஷன் பொன்னுரங்கம் வெட்டுகிறவன். ஆள் வாட்டசாட்டம், வாய் மட்டும் கிடையாது. இன்னொன்றும் கிடையாது, குடி. அவனுடைய அப்பன் குடித்துக் குடித்தே செத்தவன் என்பதால் இவன் தீபாவளிக்குக்கூடத் தொட மாட்டான். மலையிலிருந்து லாரி டியூபில் அடைத்து இறக்கும் சாராயத்தை மற்றவர்கள் வாங்கி ஊற்றிக்கொண்டால் இவன் எழுந்து தள்ளிப் போய் உட்காருவான். கும்பலில் அவனுக்கு 'சாமியார்' என்று பெயர்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்று, மாசி மாதம். சின்னராசு கொல்லையில் நாலு ஏக்கர் வெட்டு. ஆலையிலிருந்து வெட்டு உத்தரவு வந்துவிட்டால் குறித்த நாளுக்குள் வெட்டி ஏற்றிவிட வேண்டும். தள்ளிப்போனால் வரிசை போய்விடும், கரும்பு காய்ந்து எடை இறங்கும். அதனால் கும்பல் வீட்டுக்குப் போகாது. வெட்டின இடத்திலேயே சோகையை, அதாவது காய்ந்த கரும்பு இலையைப் பரப்பி, அதன்மேல் சாக்கை விரித்துப் படுத்துவிடும். காய்ந்த சோகைக்கடியில் எலி இருக்கும். எலி இருக்கிற இடத்தில் எது வரும் என்று கும்பலில் எல்லாருக்கும் தெரியும். தெரிந்துதான் படுக்கிறார்கள். வேறு எங்கே படுப்பது, சின்னராசு வீட்டுக் கட்டிலிலா?

அன்றைக்கு விடிந்து நான் டிரெய்லரிலிருந்து எழுந்தபோது பொன்னுரங்கம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு குனிந்து உட்கார்ந்திருந்தான். வயிற்று வலி, தொண்டையில் ஏதோ அடைக்கிற மாதிரி இருக்கிறது என்றான். பழைய சோறு ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்தோம். ரங்கம்மாள் அவன் படுத்திருந்த சாக்கை எடுத்து உதறினாள். முழ நீளத்துக்குக் கொஞ்சம் மேலாக ஒரு பாம்பு விழுந்தது. கறுப்பு, மேலே வெள்ளை வளையம். அவள் பக்கத்தில் கிடந்த கரும்பை எடுத்து நாலு போடு போட்டாள்.

உடனே பொன்னுரங்கம் உடம்பைத் தேடினோம். கரும்பு வெட்டுகிறவன் உடம்பில் என்னத்தைத் தேடுவது? சோகை கிழித்த கீறல் கையிலும் கழுத்திலும் நூறு இருக்கும். வீக்கம் இல்லை, ரத்தம் இல்லை, பல் பதிந்த இடம் என்று கைகாட்ட ஒன்றும் இல்லை. அந்த நேரம் சின்னராசு மோட்டார் சைக்கிளில் வந்து சேர்ந்தார். இறங்காமலே ஒரு காலை ஊன்றிக்கொண்டு பாம்பைப் பார்த்தார்.

"இது வெள்ளிக்கோல் வரையன்டா. ஓட்டு வூட்டுல பல்லி புடிக்க வரும். இத்துக்குப் போய் இன்னா கூட்டம்? வெஷமே கெடையாது" என்றார்.

"வவுறு வலிக்குதுன்றாருங்க" என்றாள் ரங்கம்மாள்.

"சந்தேகமா இருந்தா ராமசாமி கிட்ட ஒரு எலை வாங்கித் துன்னச் சொல்லு. மசமசன்னு நிக்காம வெட்டப் பாருங்க."

ராமசாமி பக்கத்து ஊர் விவசாயி. கிணற்றோரமாக ஒரு பாத்தி முழுக்கச் சிறியாநங்கை வைத்திருந்தார். எங்கள் பக்கத்தில் யாரை எது கடித்தாலும் முதலில் அவரிடம்தான் போவார்கள். அந்த இலையை வாயில் போட்டு மெல்ல வேண்டும். கசந்தால் உடம்பில் விஷம் ஏறவில்லை என்று அர்த்தம். கசக்காமல் சப்பென்று இருந்தாலோ இனித்தாலோ விஷம். அவர் அப்பா காலத்திலிருந்து நடக்கிற பழக்கம். ஒரு பைசா வாங்க மாட்டார். சாப்பிட்டுக்கொண்டிருந்தாலும் கையைக்கூடக் கழுவாமல் எழுந்து வருவார். இவ்வளவு நல்ல மனிதரை எப்படித் திட்டுவது என்றே இத்தனை வருடமாக எனக்குத் தெரியவில்லை. ஆனாலும் திட்டிக்கொண்டுதான் இருக்கிறேன்.

பொன்னுரங்கத்தை நான்தான் டிராக்டரில் கொண்டுபோனேன். டிரெய்லர் காலி. அதே வண்டியை சங்கராபுரம் ரோட்டுக்குத் திருப்பியிருந்தால் முக்கால் மணி நேரத்தில் ஆஸ்பத்திரி. நான் ராமசாமி கிணற்றுக்குத் திருப்பினேன். யாரும் என் கழுத்தில் கத்தி வைக்கவில்லை, நானாகத்தான் திருப்பினேன். பொன்னுரங்கம் இலையை மென்றான். முகத்தைச் சுளித்தான்.

"கசக்குதா?" என்றார் ராமசாமி.

"கசக்குதுங்க."

"நல்லா கசக்குதா?"

"குடலைப் புரட்டுற மாதிரி கசக்குதுங்க."

"அப்போ ஒண்ணுமில்ல. சாமி காப்பாத்திச்சு. போய் வேலையப் பாரு."

நானும் ஒரு இலையைப் பறித்து மென்றேன். எனக்கும் கசந்தது. அது எல்லாருக்கும்தான் கசக்கும், நாக்கு என்று ஒன்று இருந்தால் போதும் என்று அப்போது எனக்கு உறைக்கவில்லை. இலை கசந்ததே என்று சந்தோஷமாக வண்டியைக் கிளப்பினேன். அந்தச் சந்தோஷத்தை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என் கன்னத்தில் நானே அறைந்துகொள்ளலாம் போலிருக்கிறது.

கொல்லைக்குத் திரும்பியதும் பொன்னுரங்கம் கத்தியை எடுத்தான். அரை மணி நேரம் வெட்டியிருப்பான். நான் லோடு ஏற்றிக்கொண்டு கிளம்பும்போது அவன் கண் இமை பாதி இறங்கியிருந்தது. என்னைப் பார்த்து ஏதோ சொன்னான், வார்த்தை குழறியது. கால் இரண்டும் பின்னிக்கொண்டன. வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். "சாமியாரு இன்னைக்கு ஊத்திக்கினாரு போலக்குது" என்று ஒருவன் சொன்னான். கும்பலை நடத்தும் செல்லமுத்து மேஸ்திரி வந்து, "காலங்காத்தால இன்னாடா இது, போய்ப் படுடா அந்தாண்ட" என்று வேலமரத்தடிக்குத் தள்ளிக்கொண்டு போனான். நான் வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டேன். ரங்கம்மாள் கொல்லையின் மறுகோடியில் கட்டுக் கட்டிக்கொண்டிருந்தாள். அவளுக்கு யாரும் சொல்லவில்லை.

உச்சி வெயிலில் அவள் கஞ்சி எடுத்துக்கொண்டு வந்தாள். நானும் அப்போதுதான் ஆலையிலிருந்து திரும்பினேன். பொன்னுரங்கம் கண்ணை மூடி மல்லாந்து கிடந்தான். கிட்டே போனதும் சாராய வாடை குப்பென்று அடித்தது. ரங்கம்மாள் ஒரு நொடி நின்றாள். பிறகு கஞ்சித் தூக்கைக் கீழே வைத்துவிட்டு அவன் கன்னத்தில் ஓங்கி அறைந்தாள்.

"குடிகாரப் பாவி, உங்கப்பன மாதிரியே பூட்டியே! நீ நல்லா இருப்பியா?"

இன்னொரு கன்னத்திலும் அறைந்தாள். தலை அப்படியே திரும்பிக்கொண்டது, திரும்பி வரவில்லை. மூக்கில் கைவைத்துப் பார்த்தோம். மூச்சு இல்லை. எப்போது நின்றது, அடிக்கு முன்னாலா பின்னாலா, யாருக்கும் தெரியாது.

"குடிச்சிட்டு வெயில்ல கெடந்தான், மூச்சு முட்டிப் பூட்டான்" என்றான் மேஸ்திரி. சின்னராசு தலையை ஆட்டினார். சாயங்காலத்துக்குள் எரித்துவிட்டார்கள். போலீசும் இல்லை, ஆஸ்பத்திரியும் இல்லை, கரும்பு வெட்டு ஒரு வேளைகூட நிற்கவில்லை. நாலாம் நாள் நான் கடைசி லோடு ஏற்றினேன்.

எரித்துவிட்டு வந்த அன்றே ரங்கம்மாள் ஒரு காரியம் செய்தாள். வரப்போரம் கிடந்த செத்த பாம்பை எடுத்துக்கொண்டு போனாள். மீன் கழுவுகிற மாதிரி வயிற்றைக் கீறிக் குடலை எடுத்துவிட்டு, கருவாட்டுக்குப் போடுகிறது போல உப்பை அள்ளித் திணித்து, ஒரு மண்பானையில் போட்டு வாயைத் துணியால் கட்டினாள். புருஷன் செத்து ஒரு நாள் ஆகவில்லை, பாம்புக் கருவாடு போடுகிறாள், இவளுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று தெருவே பேசியது. நான் போய்ப் பார்த்தேன்.

"அக்கா, எதுக்கு இது?"

"தம்பி, அவரு குடிக்க மாட்டாரு. உனக்குத் தெரியுமா தெரியாதா?"

"தெரியும்."

"குடிக்காதவரு வாயில சாராயம் எப்படி வந்துச்சு? சட்டை முன்பக்கம் பூரா நனைஞ்சிருந்துச்சு. புழிஞ்சா சொட்டுற மாதிரி. குடிக்கிறவன் சட்டைக்கா குடிப்பான்? யாரோ ஊத்தியிருக்கான். அப்படின்னா அவரு செத்தது வேற எதனாலயோ. இந்தப் பாம்பு பேரு இன்னான்னு எனக்குத் தெரிஞ்சாவணும்."

அந்தச் சட்டை ஈரத்தை நானும் பார்த்தேன். பார்த்துவிட்டுப் பேசாமல் இருந்தேன். சின்னராசு கொல்லையில் எனக்கு அடுத்த வருடமும் லோடு வேண்டுமே.

அவள் பானையைத் தூக்கிக்கொண்டு அலைந்தாள். இடுப்பில் பானை, வாயில் ஒரே கேள்வி. பஸ்ஸில் கண்டக்டர் ஏற்ற மாட்டேன் என்றான். ஒரு ஆபீசில் பியூன் வெளியே போ என்று விரட்டினான். இன்னொரு இடத்தில், "செத்த பாம்புக்குப் பேரு வெச்சு இன்னா பண்ணப் போற?" என்று கேட்டுச் சிரித்தார்கள். கேட்டவர்களில் பாதிப்பேர் சாரை என்றார்கள், ஒருத்தர் ராஜநாகம் என்றார். பாம்பு என்றால் பத்து கதை சொல்லத் தெரிந்த ஊரில் ஒருவருக்கும் ஒரு பாம்பை உருப்படியாக அடையாளம் தெரியவில்லை. பச்சைப் பாம்பு கண்ணைக் கொத்தும், சாரை நல்ல பாம்போடு கூடும், மண்ணுளி நக்கினால் குஷ்டம் வரும் என்பார்கள். எது கடித்தால் ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும் என்று கேட்டால் மட்டும் இலையைத் தின்னு என்பார்கள். எனக்கு எரிகிறது.

கடைசியில் திருக்கோவிலூரில் விலங்கியல் நடத்தும் அரங்கநாதன் என்ற வாத்தியாரைப் பற்றி யாரோ சொல்லி, அவர் வீட்டு வாசலில் போய் பானையை வைத்தாள். நானும் கூடப் போயிருந்தேன். அந்த அளவுக்காவது எனக்குச் சூடு சொரணை இருந்தது. அவர் மூக்கைப் பொத்திக்கொள்ளவில்லை. பாம்பை எடுத்து உப்பைத் தட்டி, பழைய செய்தித்தாளின் மேல் நீளமாக வைத்தார். ஒரு தென்னங்குச்சியால் தொட்டுத் தொட்டுக் காட்டினார்.

"ஏம்மா, இங்க பாரு. வெள்ளிக்கோல் வரையன்னா கழுத்துக்கிட்ட வளையம் பளிச்சுனு இருக்கும், வாலுக்குப் போகப் போக மங்கிடும். உடம்பும் பழுப்பா இருக்கும். இதுல தலைப்பக்கம் வளையமே இல்ல. நடுவுல ஆரம்பிச்சு வால் வரைக்கும் ஜோடி ஜோடியா போகுது. முதுகு நடுவுல இந்த ஒரு வரிசைச் செதில் மட்டும் பெருசா, ஆறு பக்கமா இருக்கா? இது கட்டுவிரியன். நம்ம பக்கத்துல இதைவிட மோசமான விஷம் கிடையாது."

"வீங்கவே இல்லீங்களே சார்?"

"வீங்காது. வலிக்காது. கடிச்சதே தெரியாது. காலையில வயித்து வலிம்பாங்க. அப்புறம் இமை இறங்கும், நாக்கு குழறும், கால் தள்ளாடும். பார்க்கிறவங்களுக்குக் குடிச்ச மாதிரிதான் தெரியும். அப்புறம் மூச்சு நின்னுடும்."

ரங்கம்மாள் அழவில்லை. "சார், 'குடிச்ச மாதிரி'ன்னு சொன்னீங்களே, அத்த இன்னொரு தபா சொல்லுங்க" என்றாள். அவர் சொன்னார். அவள் பானையை மறுபடி கட்டிக்கொண்டு கிளம்பினாள்.

நேராக ராமசாமி கிணற்றடிக்குப் போனாள். பத்துப் பேர் இருந்தார்கள். பானையை அவிழ்த்துப் பாம்பை எடுத்து அவர் காலடியில் போட்டாள். வாத்தியார் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் சொன்னாள். ராமசாமி நிதானமாகத்தான் பேசினார்.

"நாப்பது வருசமா குடுக்கறேம்மா. எத்தினி பேரு பொழைச்சிருக்கான், தெரியுமா? என் எலை பொய் சொல்லாது."

எத்தனையோ பேர் பிழைத்தது நிஜம்தான். எங்கள் பக்கத்தில் மனிதரைக் கடிக்கிற பாம்பில் முக்கால்வாசி சாரையும் தண்ணிப்பாம்பும். அது கடித்து வருகிறவனுக்கு இலை கொடுத்தாலும் பிழைப்பான், மண்ணைக் கொடுத்தாலும் பிழைப்பான். ரங்கம்மாள் பாத்தியில் இறங்கி ஒரு கை இலையை உருவினாள். நின்றிருந்தவர்கள் ஒவ்வொருவர் வாயிலும் திணித்தாள். அவர்களும் பயந்துபோய் மென்றார்கள்.

"கசக்குதா? உனக்கு? உனக்குக் கசக்குதா?" என்று கேட்டுக்கொண்டே வந்து கடைசியில் ராமசாமி முன்னால் நின்றாள். "எல்லாருக்கும் கசக்குதுங்கய்யா. உங்களுக்கும் கசக்கும். எம்புருசனுக்கும் கசந்துச்சு. அவரு செத்துட்டாரு."

ராமசாமி உள்ளே போய்விட்டார். அதற்குப் பிறகும் இலை கொடுப்பதை அவர் நிறுத்தவில்லை. போகிறவர்களும் முழுக்க நிற்கவில்லை. பொன்னுரங்கம் பேச்சு வந்தால், "அத்தாம்பா, குடிச்சிட்டு செத்தானே" என்றுதான் ஊர் சொன்னது. பாம்பின் பெயர் தெரிந்து என்ன? சாராயத்துக்குப் பதில் அதில் இல்லை. சட்டையில் எப்படி வந்தது என்று கேட்டால் ரங்கம்மாளால் ஒன்றும் சொல்ல முடியவில்லை. ஊற்றியவன் சொன்னால்தான் உண்டு.

அவள் செல்லமுத்து கும்பலைவிட்டுப் போகவில்லை. வேறு கும்பலில் கூப்பிட்டும் போகவில்லை. ஏழு வருடம் அவன் கண்முன்னாலேயே கட்டுக் கட்டினாள். அவன் அவளைப் பார்த்துப் பேச மாட்டான்.

அந்த வாத்தியாரிடம் போய்ப் போய்க் கேட்டுத் தெரிந்துகொண்டதில், அந்த ஏழு வருடத்தில் கும்பலுக்குப் பாம்பு என்றால் ரங்கம்மாள் என்று ஆகிவிட்டது. அவள் அன்பாகச் சொல்லிக்கொடுத்தாள் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். திட்டித்தான் சொல்வாள். எலி பிடிக்க வந்த சாரையை எவனாவது அடித்தால், "உங்கப்பன் வூட்டு எலிய நீ புடிப்பியா?" என்று அவன் கையிலிருக்கும் கழியைப் பிடுங்கி அவனையே அடிக்கப் போவாள். ஒருமுறை பச்சமுத்து என்ற வெட்டுக்காரன், மண்ணுளி கிடைத்துவிட்டது, இதை விலைக்கு வாங்க ஆள் வருகிறானாம் என்று குனிந்து கையை நீட்டினான். ரங்கம்மாள் அவன் மணிக்கட்டில் எட்டி உதைத்தாள்.

"கண்ணு அவிஞ்சா பூடுச்சு? மண்ணுளிக்குக் கழுத்தே இருக்காதுடா. வாலும் மொட்டையா இருக்கும். இத்துக்குத் தலை முக்கோணமா தனியா நிக்குது பாரு, வாலு ஊசி மாதிரி போவுது பாரு, முதுகுல சங்கிலி கோத்த மாதிரி வட்டம் ஓடுது பாரு. கண்ணாடி விரியன்டா!"

பச்சமுத்து மணிக்கட்டு ஒரு வாரம் வீங்கியிருந்தது. அவன் அதைப் பெருமையாகக் காட்டிக்கொண்டு திரிந்தான்.

ஆனால் யாரையாவது கடித்துவிட்டால் அவள் பாம்பைப் பார்க்கவே மாட்டாள். அதுதான் அவளிடம் இருந்த வேடிக்கை. அடித்துக் கொண்டுவந்து காட்டுவார்கள், முகத்தைத் திருப்பிக்கொள்வாள். "பேரு தெரிஞ்சு இன்னா பண்ணப் போற, ஜாதகமா எழுதப் போற? வண்டிய எட்றா மொதல்ல" என்பாள். பாம்பைத் தேடி அடிப்பதற்கும் பெயர் சொல்வதற்கும் போகிற ஒரு மணி நேரத்தில் ஒரு உயிர் போகும் என்று அவளைவிட யாருக்குத் தெரியும்? தண்ணிப்பாம்பு கடித்தவனைக்கூட அவள் ஆஸ்பத்திரிக்கு விரட்டியிருக்கிறாள். டாக்டர் சிரித்து அனுப்பினால் சிரிக்கட்டும் என்பாள்.

தொண்ணூற்றெட்டில் மறுபடி சின்னராசு கொல்லை வெட்டு. ஒரு நாள் காலை எட்டு மணிக்கு மேலாகியும் செல்லமுத்து மேஸ்திரி கொட்டாயைவிட்டு எழுந்து வரவில்லை. அவன் தினமும் குடிக்கிறவன். வெளியே வந்தபோது தள்ளாடினான். வாந்தி எடுத்தான். ஏதோ சொல்ல வாயைத் திறந்தான், கொழகொழவென்று வந்தது. கும்பல் சிரித்தது. "மேஸ்திரிக்கு நேத்து ஜாஸ்தி ஆயிப்போச்சு" என்றார்கள். அவன் சோகைமேல் சாய்ந்து கண்ணை மூடினான். படுத்துத் தூங்கட்டும் என்று அவனவன் கத்தியை எடுத்துக்கொண்டு வரிசைக்குப் போனான்.

ரங்கம்மாள் கட்டுக் கயிறு எடுக்க அந்தப் பக்கம் வந்தவள் நின்றாள். பக்கத்தில் உட்கார்ந்து அவன் முகத்துக்கு நேராகக் குனிந்து பார்த்தாள். கட்டைவிரலால் அவன் இமையைத் தூக்கினாள். விட்டாள். அது மெல்ல இறங்கியது. நான் டிராக்டர் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் அப்படியே எவ்வளவு நேரம் உட்கார்ந்திருந்தாள் என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை. ஒரு பீடி குடிக்கிற நேரம் இருக்கலாம். பாம்பு இல்லை, கடிவாய் இல்லை, கேட்க ஆள் இல்லை. அவள் வாயைத் திறக்காமல் கயிற்றை எடுத்துக்கொண்டு போயிருந்தால் மத்தியானத்துக்குள் எல்லாம் முடிந்திருக்கும். ஒரு குடிகாரன் குடித்துச் செத்தான் என்று ஊரும் சொல்லியிருக்கும். உண்மையைச் சொன்னால், போய்விடு அக்கா என்றுதான் எனக்கும் உள்ளுக்குள் இருந்தது.

அவள் எழுந்து என்னைப் பார்த்துக் கத்தினாள். "தனசேகரு! வண்டிய எட்றா!"

டிரெய்லரில் அவனைத் தூக்கிப் போட்டோம். இந்த முறை நான் எந்தக் கிணற்றுக்கும் திருப்பவில்லை. கள்ளக்குறிச்சி ரோட்டில் அந்த டிராக்டர் அதுவரை போகாத வேகத்தில் போனது. பின்னால் ரங்கம்மாள் அவன் தலையை மடியில் ஒருக்களித்து வைத்துக்கொண்டு, எச்சில் வழிவதைத் துடைத்துக்கொண்டே அவன் காதில் கத்திக்கொண்டு வந்தாள். இன்ஜின் சத்தத்தையும் மீறி எனக்குக் கேட்டது.

"சாவாதே! சொல்லிட்டு சாவு! எம்புருசன் வாயில ஊத்துனது யாரு? நீதான? சொல்லு! சொல்லாம பூடுவியா நீ? வுட மாட்டேன்!"

ஆஸ்பத்திரியில் டாக்டர் இமையைப் பார்த்ததுமே விஷமுறிவு ஊசியை ஏற்றச் சொன்னார். மூச்சுக்கு ஒரு பையை வைத்து அமுக்கிக்கொண்டே பாண்டிச்சேரிக்கு அனுப்பினார்கள். பதினைந்து நாள் மெஷினில் கிடந்து பிழைத்துவிட்டான். அவன் பெண்டாட்டி ஒரு சேவலைக் கொண்டுவந்து ரங்கம்மாள் வீட்டு வாசலில் கட்டினாள். ரங்கம்மாள் அதை அவிழ்த்துத் தெருவில் விட்டாள்.

ஒரு மாதம் கழித்து, சின்னராசுவின் இன்னொரு கொல்லையில் வெட்டு நடந்தபோது செல்லமுத்து வந்தான். பாதி உடம்பாக இருந்தான். சின்னராசு வரப்பில் குடையோடு நின்றிருந்தார். ரங்கம்மாள் கட்டிக்கொண்டிருந்த கட்டைக் கீழே போட்டுவிட்டு அவன் எதிரில் போய் நின்றாள்.

"மேஸ்திரி, வண்டியில நான் ஒண்ணு கேட்டேன்."

"அய்ய, பழசயெல்லாம் எதுக்குக் கெளறிக்கினு" என்றார் சின்னராசு.

"ஐயா, நீங்க அப்பால இருங்க." அவள் அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

செல்லமுத்து வரப்பில் உட்கார்ந்துவிட்டான். தரையைப் பார்த்துக்கொண்டுதான் பேசினான். "நான்தான் ஊத்துனேன். மரத்தடியில அவனுக்கு மூச்சு இஸ்துக்கினு இருந்துச்சு. சாவப் போறான்னு தெரிஞ்சிப் போச்சு. ஐயா வந்து, போலீசு கீலீசு வந்தா வெட்டு நின்னு பூடும்டான்னாரு. வேற எதுவும் அவரு சொல்லல. நான் போய் டியூப எடுத்தாந்து வாயில ஊத்துனேன். உள்ள எறங்கல. எல்லாம் சட்டையிலதான் போச்சு. கண்ணு மூடியிருந்துச்சு, நெனப்பு இல்லன்னு நெனைச்சேன்."

நிறுத்தினான். கொல்லையில் ஒரு கத்திச் சத்தம் கேட்கவில்லை. குடை வரப்பைவிட்டு மெல்ல நகர்ந்து மோட்டார் சைக்கிள் பக்கம் போனது.

"நெனப்பு இருக்கும் புள்ள. எனக்கு இருந்துச்சு. கண்ணத் தொறக்க முடியல, வெரலை அசைக்க முடியல, ஆனா எல்லாம் கேட்டுச்சு. நீ கத்துனது, வண்டி சத்தம், அத்தினியும். மூஞ்சில ஈ உக்காந்தாகூடத் தெரிஞ்சுது. அவனுக்கும் எல்லாம் தெரிஞ்சிருக்கும்."

"கடைசி வரிசையில இருக்கறவனுக்குக் கேக்கல. எழுந்து நின்னு சத்தமா சொல்லு" என்றாள் ரங்கம்மாள்.

அவன் எழுந்து நின்றான். பொன்னுரங்கம் குடிக்கவில்லை, நான்தான் ஊற்றினேன் என்று சத்தமாகச் சொன்னான். கும்பலில் ஒருவனும் நிமிர்ந்து அவளைப் பார்க்கவில்லை. அன்றைக்குச் சிரித்தவர்கள்தான் பாதிப்பேர் அதில் இருந்தார்கள். அவள் தன் வலதுகையை விரித்துக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"அப்போ நான் அடிச்சதும் அவருக்குத் தெரிஞ்சிருக்கும்" என்றாள்.

அவள் போய்த் தன் கட்டைத் தூக்கி நிறுத்தி முடிச்சுப் போட்டாள். லோடு ஏற்றும்போது எனக்குப் பொறுக்கவில்லை, கேட்டே விட்டேன்.

"அக்கா, இவன்தான்னு உனக்கு அப்பவே சந்தேகம் இருந்துச்சு இல்ல? அன்னைக்கு நீ பேசாம போயிருந்தா ஒழிஞ்சிருப்பான். எதுக்குக் காப்பாத்துன?"

ரங்கம்மாள் கட்டைத் தலையிலிருந்து டிரெய்லருக்குள் தள்ளிவிட்டு என்னைப் பார்த்தாள்.

"அவனும் செத்துட்டா, எம்புருசன் குடிக்கலன்னு யாருடா சொல்லுவான்?"